ஆன்சியின் கோழிக்குஞ்சு

பக்கத்து வீட்டுத் தங்கபுஷ்பம் காம்பவுண்டுச் சுவருக்கு மேலே கையை நீட்டி முருங்கைக்கீரைக் கொத்தைக் கொடுத்தவள், சும்மா போகாமல் ஒரு வார்த்தை கேட்டுவிட்டுப் போனாள். "என்ன மைனி, ஒரு வாரமா ஒங்க வீட்டுல டிவி சத்தத்தையே காணோம்? ரிப்பேரா?" செல்வரஞ்சிதம், "இல்ல புஷ்பம், சும்மாதான்" என்று சிரித்தாள். கீரையை மடியில் போட்டுக்கொண்டு முன்னறை நாற்காலியில் வந்து உட்கார்ந்து முதல் ஈர்க்கை உருவும்போதுதான் அந்தக் கேள்வி உள்ளே இறங்கிக் குத்தியது. ஒரு வாரமாகச் சத்தம் இல்லையென்றால் அதற்கு முந்தி இருந்திருக்கிறது. அவள் குறைத்துத்தான் வைத்திருந்தாள். ஆனால் மழைக் காட்சி வரும்போதெல்லாம் அந்த நாடகத்தில் பாட்டைக் கூட்டி விடுகிறார்களே, அவள் என்ன செய்ய. அந்தப் பையன் அழுதுகொண்டே பேசியது சுவர் தாண்டிப் போயிருக்குமா? "நீ போயிட்டா எனக்கு யார் இருக்கா" என்று கேட்டானே, அது போயிருக்குமா? செத்துப்போன அவள் புருஷன் ஹெட்மாஸ்டர் சாரின் வீட்டிலிருந்து, பெண்கள் ஐக்கிய சங்கத்தில் ஜெபம் நடத்துகிறவள் வீட்டிலிருந்து, பட்டப்பகலில் ஒரு வாலிபன் குரல். புஷ்பம் சிரித்த சிரிப்பில் ஏதாவது இருந்ததா? இருக்காது. அவளுக்குச் சிரித்த வாய். யாரிடமும் அப்படித்தான் சிரிப்பாள். இருந்தால்தான் என்ன, புஷ்பத்தின் சிரிப்பா இப்போது பெரிது? சாயங்காலம் மகன் ஜெபசிங் கோயம்புத்தூரிலிருந்து கூப்பிடுவான். ஞாயிற்றுக்கிழமைதோறும் கூப்பிடுவது. முகம் பார்த்துப் பேசுவது. அவன் முகத்துக்குப் பின்னால் மருமகள் ஆன்சியின் முகம் வரும். அதுதான். அந்த முகம்தான்.

இலையை உருவ உருவ விரலில் பச்சை ஏறியது. ஆன்சி நல்ல பிள்ளை. கல்யாணமாகி வந்த புதிதில் இந்த வீட்டு அடுப்படியில் நின்றுகொண்டு, "அத்தை, நான் பி.எட். முடிச்சிருக்கேன், ஒரு நாளாவது கவர்மெண்டு ஸ்கூல்ல டீச்சரா நிக்கணும், நீங்களும் ஜெபத்துல வச்சுக்கோங்க" என்று சொன்னவள். செல்வரஞ்சிதமும் வைத்துக்கொண்டாள். அதில் பொய் இல்லை. தினம் காலையில் மகன் பெயர், மகள் பெயர், பேரன் ஜோயல் பெயர், அப்புறம் ஆன்சியின் பரீட்சை. வருகிற சனிக்கிழமை முதல் அந்தப் பரீட்சைக்கு வகுப்பு. சனிக்கிழமை ஒரு நாள் மட்டும் ஜெபசிங் பிள்ளையைப் பார்த்துக்கொள்ள வேண்டும், அவ்வளவுதான் அவள் கேட்டது. அவனும் சரியென்று சொல்லியிருந்தான். இப்போது முடியாது என்கிறான். படிக்கப் போகிறவளின் லட்சணம் தெரிந்துவிட்டதாம். செல்வரஞ்சிதம் கையிலிருந்த ஈர்க்கு இலையோடு சேர்ந்து முறிந்தது. முறிந்த காம்பைப் பொறுக்கி எடுத்தாள். காம்பு கிடந்தால் தொண்டையில் நிற்கும் என்பார் சார். தட்டில் ஒரு காம்பு கண்டால் போதும், பேசாமல் எடுத்துத் தட்டின் ஓரத்தில் வைத்துவிட்டு அவளைப் பார்ப்பார். திட்டமாட்டார். பார்ப்பார்.

எதிரே டிவி சுவரில் கறுப்பாகத் தொங்கிக்கொண்டிருந்தது. சார் போன பிறகு, அம்மா ஒற்றையில் இருக்கிறாளே என்று ஜெபசிங் வாங்கி மாட்டிவிட்டது. "இதுல கோயில் ஆராதனையும் பாக்கலாம், பாட்டும் கேக்கலாம், எல்லாம் என் கணக்குலதான், நீங்க சும்மா பட்டனை அமுக்குங்க போதும்" என்றான். நல்ல மனசோடு செய்ததுதான். போட்டவுடன் அது, யார் பார்க்கிறது என்று கேட்கும். கேட்டுவிட்டு நாலு பொம்மை முகத்தைக் காட்டும். ஒன்று ஜெபசிங்குக்கு, ஒன்று மகளுக்கு, ஒன்று ஆன்சிக்கு, ஒன்று அவளுக்கு. அவளுடையதற்குக் கீழே ஆங்கிலத்தில் அம்மா என்று போட்டிருந்தது. எட்டாம் வகுப்போடு நின்ற படிப்புதான் என்றாலும் எழுத்துக்கூட்டி அதை வாசித்துவிட்டாள். வாசித்துவிட்டு முகத்தைப் பார்த்தால், செக்கச் செவேலென்று ஒரு முகம், தலையில் ரெண்டு சின்னக் கொம்பு, வாயில் கோரப்பல். விளையாட்டுக்கு வைத்திருப்பான். சின்ன வயசிலிருந்தே குசும்புக்காரன். ஆனால் அவளால் அதை அமுக்க முடியவில்லை. கை போகவில்லை. கோயில் ஆராதனை பார்ப்பதற்குக் கொம்பு முளைத்த முகம் வழியாகவா போவது? மகனிடம் சொல்லி மாற்றச் சொல்லலாம், சொன்னால் சிரிப்பான், அம்மா நீங்க ஒரு ஆளு என்பான். ஆன்சிக்கு இருந்தது மஞ்சளாக ஒரு கோழிக்குஞ்சு. பார்க்கவே சாதுவாக இருந்தது. அதை அமுக்கினாள். அது திறந்துகொண்டது. அன்றிலிருந்து அதுதான் வாசல். ஒரே வீடு, எந்த வாசல் வழியாகப் போனால் என்ன என்று நினைத்தாள். உள்ளே போகிறவர்களின் காலடியை அந்த வீடு அப்படியே பதிந்து வைத்துக்கொள்ளும் என்று அவளுக்கு யார் சொன்னது? யாரும் சொல்லவில்லை. அது நிசம். தெரியாமல் செய்தது. ஆண்டவரே, அதுவரைக்கும் தெரியாமல் செய்ததுதான். அதற்கப்புறம் நடந்ததுதான்.

கொரியாக்காரன் நாடகம் என்று தேடிப் போய் அவள் பார்க்கவில்லை. ஒரு மத்தியானம் ஆராதனைப் பாட்டு முடிந்து, அணைக்கிற பட்டன் என்று எதையோ அமுக்க, அது பாட்டுக்கு ஓட ஆரம்பித்தது. வெள்ளை வெளேரென்ற பிள்ளைகள். வாய் ஒன்று பேசுகிறது, சத்தம் ஒன்று வருகிறது, அதுவும் நல்ல மெட்ராஸ் தமிழில். சிரிப்புத்தான் வந்தது. அணைத்துவிட எழுந்தவள், அந்தப் பெண்ணின் ஷூ கயிறு நடுரோட்டில் அவிழ்ந்ததைப் பார்த்து நின்றாள். மழை. அந்தப் பையன் குடையை அவள் கையில் கொடுத்துவிட்டு, ஈரத் தரையில் முட்டி போட்டு உட்கார்ந்து, அந்தக் கயிற்றைக் கட்டிவிட்டான். கட்டிவிட்டு நிமிர்ந்து பார்த்தான். அவ்வளவுதான். செல்வரஞ்சிதம் ரிமோட்டைப் பிடித்தபடி நின்றே பார்த்தாள், அப்புறம் உட்கார்ந்தாள். பாளையங்கோட்டை மார்க்கெட்டில் ஒரு தடவை அவள் செருப்பு வார் அறுந்தது. அவளும் சாரும் மீன் வாங்கிவிட்டு வந்துகொண்டிருந்தார்கள், சார் முன்னால், அவள் பின்னால், எப்போதும் போல. அறுந்த செருப்பைக் காலோடு இழுத்துக்கொண்டு, ஏங்க என்று கூப்பிட வாய் வரவில்லை. அவரை எல்லாரும் சார் என்றுதான் கூப்பிடுவார்கள், அவளும் மற்றவர்களிடம் சார் என்றுதான் சொல்வாள், நடுத்தெருவில் என்ன சொல்லிக் கூப்பிட? அவர் தெரு முனை வரைக்கும் போய்விட்டார். போய்த் திரும்பிப் பார்த்து, "என்ன மெதுவா வார?" என்று கேட்டார். அவர் நல்லவர். ஒரு கெட்ட பழக்கம் கிடையாது. கை நீட்டியது கிடையாது. அதற்கும் இதற்கும் என்ன, கதையில் வருகிறவன் கட்டிவிடுவான், அவனுக்குக் கட்டச் சொல்லிச் சம்பளம் கொடுப்பார்கள். ஆனாலும் அன்றைக்கு அழுதாள். சுவரில் சாரின் போட்டோ நேருக்கு நேர் இருந்தது. மறுநாள் மத்தியானம் நாற்காலியைக் கொஞ்சம் திருப்பிப் போட்டுக்கொண்டாள். வெளிச்சம் கண்ணில் படுகிறது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள்.

பிறகு தினமும். சாப்பிட்டு முடிந்ததும் மத்தியான ஜெபம் என்று ஒன்று அவளுக்கு உண்டு. முட்டி வலி வந்தபின் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து செய்வாள். அது முதலில் சுருங்கியது. அப்புறம் ராத்திரிக்குப் போனது. ராத்திரியும் ஆமென் சொல்லுமுன் கண் சொக்கியது. முந்தியும் நாடகம் பார்த்தவள்தான். சாயங்காலம் தெரு முழுக்க ஒரே நாடகம் ஓடும், எல்லார் வீட்டிலும் ஒரே மாமியார் ஒரே மருமகளைக் கொடுமைப்படுத்துவாள். மறுநாள் தண்ணீர் பிடிக்கிற இடத்தில் புஷ்பமும் அவளும் அந்த மாமியாரைச் சேர்ந்து திட்டுவார்கள். அதில் வெட்கம் கிடையாது, ஊரே பார்க்கிறது. முக்கியமான இடத்தில் தொடரும் என்று போட்டுவிடுவான். அடச்சே என்று எழுந்து போய் உலை வைக்க வேண்டியதுதான். அந்தத் தொடரும் என்கிற வார்த்தைதான் அவளை அடுப்படிக்கு அனுப்பியது, அவளை மனுஷியாக வைத்திருந்தது. இதில் தொடரும் கிடையாது. முடியுமுன்னே அடுத்தது தானாக வந்துவிடுகிறது, போதும் என்று நாம்தான் சொல்ல வேண்டியிருக்கிறது. அவளுக்குச் சொல்ல வரவில்லை. வாழ்நாளில் யாரிடமும் போதும் என்று சொல்லிப் பழக்கமில்லாத வாய். பார்த்ததை யாரிடம் சொல்வது? புஷ்பம் அவள் போனில் வேறெதையோ பார்க்கிறாள். அவள் மருமகள் காதில் மாட்டிக்கொண்டு இன்னொன்று பார்க்கிறாள். ஒரு தெருவில் ஆளுக்கொரு அழுகை. போன மாதம் கோயிலில் போதகர் ஐயரின் பிரசங்கம் நீண்டுகொண்டு போனபோது, தன் கட்டைவிரல் தன்னை அறியாமல் பெஞ்சுப் பலகையைத் தட்டுவதைக் கண்டாள். தாண்டிப் போகிற பட்டனைத் தேடுகிற விரல். டிவியில் தட்டினால் பேச்சைத் தாண்டிக் காட்சிக்குப் போய்விடலாம். கர்த்தருடைய வீட்டில் உட்கார்ந்துகொண்டு அந்த வேலையைச் செய்திருக்கிறது அவள் விரல். கையை இன்னொரு கைக்குள் வைத்துப் பொத்திக்கொண்டாள். பக்கத்திலிருந்தவள் அதைப் பக்தி என்று நினைத்திருப்பாள்.

கீரையில் பாதிக்கு மேல் ஆய்ந்தாயிற்று. நெஞ்சு அங்கேயே போகிறது, போன ஞாயிற்றுக்கிழமைக்கு. போனில் ஜெபசிங்கின் முகம் வந்ததும் வராததுமாகக் கோபத்தில் சிவந்திருந்தது. பிள்ளை கட்டிலிலிருந்து விழுந்து நெற்றி வீங்கிக் கிடந்தது. "பாருங்கம்மா, பிள்ளை விழுந்தது கூடத் தெரியாம உள்ள இவ என்ன பண்ணிட்டிருந்தான்னு பாருங்க" என்று போனைத் திருப்பி அவர்கள் வீட்டு டிவியைக் காட்டினான். கோழிக்குஞ்சுக்குக் கீழே, வரிசையாக, அவள் பார்த்தது எல்லாம். நெற்றியில் முடி விழுந்த அந்தப் பையன், அவள் முந்தின நாள் எந்த இடத்தில் விட்டாளோ அந்த இடத்தில், வாயைப் பாதி திறந்தபடி நின்றான். "மத்தியானம் மத்தியானம் இதான் வேலை. பிள்ளைக்குக் கார்ட்டூன் போடப் போய்ப் பாத்தா, நாப்பது அம்பது நாடகம் பாத்திருக்கா. கேட்டா நான் பாக்கலங்கா." ஆன்சி பின்னாலிருந்து, "நான் பாக்கலங்க, சத்தியமா. அன்னிக்கு நான் பால் காய்ச்சப் போனேன். வேற யாரோ..." என்றாள். அப்போதுதான் அவன் சொன்னான். "வேற யாரு? எங்கம்மாவா ஒக்காந்து கொரியாக்காரன் நாடகம் பாக்காங்க?" சொல்லிவிட்டு அந்தக் கோபத்திலும் சிரித்தான். நடக்கவே நடக்காத ஒன்றைச் சொல்லிவிட்ட சிரிப்பு. அம்மா, கேட்டீங்களா என்பதுபோல அவளைப் பார்த்தான். அவளும் சிரித்தாள். அந்தச் சிரிப்பு எங்கிருந்து வந்தது? அவள் வரவழைக்கவில்லை, வாய் தானாக விரிந்தது. சிரித்ததோடு விட்டிருந்தாலும் ஆண்டவர் முகத்தில் விழிக்கலாம். "சோம்பேறி, பொய்க்காரி, இவ படிக்கப் போறாளாம் படிக்க, இனி சனிக்கிழமையும் கிடையாது ஒண்ணும் கிடையாது" என்று அவன் கத்தி ஓய்ந்த பிறகு, இரண்டு பேரும் அவள் ஏதாவது சொல்வாள் என்று பார்த்தார்கள். அவள் சொன்னாள். அவளுடைய மெல்லிய குரலில், சங்கத்தில் பேசுகிற அந்தக் குரலில், "ஆன்சி, இதெல்லாம் பிசாசு நம்ம நேரத்தைத் திங்கிற வழிம்மா. கொஞ்சம் ஜெபத்துல தரிச்சிரு" என்றாள்.

ஆன்சி போனுக்குள்ளிருந்து அவளைப் பார்த்தாள். கொஞ்ச நேரம்தான். "சரி அத்தை" என்றாள். தெரிந்து பார்த்தாளா? தெரியாமல் பார்த்தாளா? தெரிந்திருந்தால் ஏன் சொல்லவில்லை? சொன்னால் யார் நம்புவார்கள் என்றா? மாமியாரைக் காட்டிக்கொடுக்கக் கூடாது என்றா? தெரியவில்லை என்றால் இன்னும் மோசம். அந்தப் பிள்ளை ராத்திரி படுத்துக்கொண்டு, அந்த டிவிக்குள் தன் பெயரில் உட்கார்ந்து நாடகம் பார்த்தது யார் என்று நினைத்து நினைத்துத் தன்னையே சந்தேகப்பட்டிருப்பாள். பிள்ளை விழுந்த அந்த மத்தியானம் செல்வரஞ்சிதம் கல்யாணக் காட்சி பார்த்துக்கொண்டிருந்தாள். இங்கே அவள் கண்ணீரைத் துடைத்துக்கொண்டபோது அங்கே பேரன் விழுந்திருக்கிறான். ஒன்றுக்கும் ஒன்றுக்கும் சம்பந்தமில்லை. இருந்தும் மனசு இரண்டையும் கொண்டுவந்து பக்கத்தில் பக்கத்தில் வைக்கிறது. வியாழக்கிழமை சங்கக் கூட்டத்தில் வேறு, யாரோ பிள்ளைகள் போனே கதியென்று கிடப்பதைச் சொல்ல, அவளை ஜெபிக்கச் சொன்னார்கள். "இந்தக் கண்ணியிலிருந்து எங்க பிள்ளைகளைக் காரும் ஆண்டவரே" என்று ஜெபித்தாள். எத்தனை உருக்கமாக வந்தது! எல்லாரும் ஆமென் என்றார்கள். ஒருத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். கூட்டம் முடிந்து காப்பி குடிக்கையில் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, "ஒங்க ஜெபத்துல ஒரு வல்லமை இருக்கு அக்கா" என்றாள்.

ஒரு வாரமாக டிவியைத் தொடவில்லை. அதைப் பெரிய காரியமாக ஆண்டவரிடம் சொல்லியும் பார்த்தாள். இனிமேல் பார்க்கவே மாட்டேன், அது போதாதா, அவனிடம் வேறு சொல்ல வேண்டுமா? அந்த முடிச்சிலேயே வந்து நிற்கிறது. சொன்னால் என்ன ஆகும்? அவன் முகம் மாறும். அம்மா என்று அவன் வைத்திருக்கிற ஒன்று இடிந்து விழும். அப்பா இருந்தால் இப்படிச் செய்வீர்களா என்று கேட்பான். கேட்டால் அதற்குப் பதில் இல்லை. ஒரு வேளை கேட்காமல், அப்பா பார்ப்பதுபோல் பார்ப்பான். மகனிடமிருந்து அந்தப் பார்வை வந்தால் அவள் எங்கே போவாள்? மகளுக்குச் சொல்வான். மகள் அவள் மாமியார் வீட்டில் சொல்வாள். ஊழியக்காரி மாதிரி இருந்த கிழவி வாலிபப் பையனைப் பார்த்துக்கொண்டு கிடந்தாளாம். அடுத்த மாதம் நேரில் போய் ஆன்சியிடம் மட்டும் தனியாகச் சொல்லிவிடலாம், அவள் பொறுத்துக்கொள்வாள், அவள் பொறுக்கிறவள்தானே. இந்த நினைப்பு வந்ததும் கை நின்றது. பொறுக்கிறவள் என்று தெரிந்துதானே பழியை அவள் தலையில் வைத்தது. அடுத்த மாதத்துக்குள் எத்தனை சனிக்கிழமை போய்விடும். இவ்வளவுக்கும் நடுவில், வெட்கக்கேடு, நாடகத்தில் அந்தப் பெண் ஊரைவிட்டுப் போய்விட்டாளா இல்லையா என்று ஒரு மூலையில் மனசு கேட்டுக்கொண்டே இருக்கிறது. தன் மருமகள் வகுப்புக்குப் போவாளா மாட்டாளா என்பதைவிட ஒரு இழை அதிகமாகக் கேட்கிறதோ? தராசில் வைத்துப் பார்க்கப் பயமாக இருந்தது. ஆண்டவரே என்றாள். அதற்கு மேல் வார்த்தை வரவில்லை. சத்தமாக ஜெபிக்கிறவர்களுக்கு வார்த்தை வராமல் போனால் அங்கே எவ்வளவு வெறுமையாக இருக்கிறது.

போன் அடித்தது. மடியிலிருந்த கீரையோடு எழுந்தாள், பாதி தரையில் கொட்டியது. "என்னம்மா, கோயிலுக்குப் போனீங்களா? சாப்பிட்டீங்களா?" ஜெபசிங் குளித்துத் தலை சீவி, பழைய மாதிரி இருந்தான். "போனேன்ல. பிள்ளை எங்க?" "தூங்குதான். நெத்தி வீக்கம்லாம் வத்திட்டு." அவனுக்குப் பின்னால் ஆன்சி தரையில் உட்கார்ந்து துணி மடித்துக்கொண்டிருந்தாள். எழுந்து வரவில்லை. "ஆன்சிக்குச் சனிக்கிழமை..." என்று செல்வரஞ்சிதம் ஆரம்பித்தாள். "அந்தப் பேச்சே வேண்டாம்மா. ஒரு மாசம் ஒழுங்கா இருந்து காட்டட்டும், அப்புறம் பாப்போம்." துணி மடிக்கிற கை நிற்கவில்லை. ஒரு சின்னச் சட்டையின் இரண்டு கையையும் உள்ளே மடித்து, நீவி, அடுக்கின்மேல் வைத்தது அந்தக் கை. "ஏல, அது அவ இல்ல" என்றாள் செல்வரஞ்சிதம். "எது அவ இல்ல?" "அந்தக் கொரியாக்காரன் நாடகம். மத்தியானம் ஓடுனதெல்லாம். நாந்தான் பாத்தேன். இங்கயிருந்து, ஆன்சியோட படத்தை அமுக்கி, நாந்தான் பாத்தேன். போன வாரம் நீ காட்டும்போதே எனக்குத் தெரியும். தெரிஞ்சுதான் அவளுக்குப் புத்தி சொன்னேன்." சொல்லிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டாள். எது வந்தாலும் வரட்டும்.

சிரிப்பு வந்தது. கண்ணைத் திறந்தாள். ஜெபசிங் தலையைப் பின்னால் சாய்த்துச் சிரித்துக்கொண்டிருந்தான். "நீங்களாம்மா? அய்யோ! கொரியன் நாடகமா? எங்கம்மாவா?" கண்ணில் தண்ணீர் வருமளவுக்குச் சிரித்தான். "நல்லாப் பாருங்கம்மா. ஒத்தையில இருக்கீங்க, பொழுது போக வேண்டாமா? இதுக்குப் போயி இப்படி மூஞ்சிய வச்சுக்கிட்டு... ஆன்சி, கேட்டியா? எங்கம்மா பாக்காங்களாம்!" ஒரு வாரமாக அவள் எதற்கு நடுங்கினாளோ அது வரவில்லை. இடிந்து விழவில்லை ஒன்றும். மன்னிப்பு, கேட்காமலே, கைச்செலவுக்குக் கொடுப்பதுபோல் கிடைத்துவிட்டது. உடம்பெல்லாம் லேசாகி, அவளும் கூடச் சேர்ந்து சிரித்துவிடப் பார்த்தாள். வாய் விரிய ஆரம்பித்தது. அப்போது ஆன்சியைப் பார்த்தாள். ஆன்சி சிரிக்கவில்லை. மடித்த துணியின் மேல் உள்ளங்கையை வைத்துக்கொண்டு, சிரிக்கிற புருஷனைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள்.

"சிரிக்காதல" என்றாள் செல்வரஞ்சிதம். அவன் இன்னும் சிரித்துக்கொண்டிருந்தான். "நிறுத்துல!" அவள் குரல் அப்படி உயர்ந்து அவன் கேட்டதில்லை. அவளே கேட்டதில்லை. "அவ பாத்தான்னு நினைச்சப்போ நீ இப்படியா சிரிச்ச?" "என்னம்மா நீங்க, அதுவும் இதுவும் ஒண்ணா..." "ஒண்ணுதான். ஒரே நாடகம்தான். நான் பொய்யும் சேத்துச் சொல்லியிருக்கேன். சோம்பேறின்னு சொன்னியே, பொய்க்காரின்னு சொன்னியே. அதே வார்த்தையில என்னையத் திட்டு." "அம்மா, உங்களப் போயி நான்..." "திட்டுல. அவ முன்னால திட்டு. முடியலன்னா எதுக்கு முடியலன்னு அவகிட்டச் சொல்லு."

ஜெபசிங் வாயைத் திறந்தான். திறந்தபடி நின்றான். பின்னால் ஆன்சியின் கை ஓய்ந்திருந்தது. செல்வரஞ்சிதம் போனைத் தன் முகத்துக்கு நேராக, இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, காத்திருந்தாள்.